பெயர் வரவேண்டிய இடத்தில்

“வயல் பாட்டைப் பற்றி ஆராய்ச்சியோ? உங்கடை ஆக்களுக்கு வயல் இருந்ததோ, பிள்ளை?”

லண்டனில், கோலியர்ஸ் வுட்டில் ஒரு பிறந்தநாள் வீட்டில், கேக் வெட்டி முடிந்த கையோடு, ஓய்வுபெற்ற வாத்தியார் ஒருவர் என்னிடம் இப்படிக் கேட்டார். பல்கலைக்கழகத்தில் பஞ்சாபிப் பாட்டுகளைப் பற்றி எழுதுகிறேன் என்று நான் சொல்லியிருந்தேன். அதற்கு முன்பே அவர் “ஊரிலை எவடம்?”, ஊரில் எந்த இடம் என்று கேட்டிருந்தார். “டவுன் பக்கம்” என்றேன். அது அவருக்குப் போதவில்லை. அப்பாவின் பெயரைக் கேட்டார். அப்பா அங்கே என்ன வேலை செய்தவர் என்று கேட்டார். பிறகு சுவரைப் பார்த்துக் கொஞ்ச நேரம் யோசித்தார். யோசித்து முடிந்த பிறகுதான் வயல் கேள்வி வந்தது. சிரித்துக்கொண்டுதான் கேட்டார். தட்டில் இருந்த பற்றிஸ் பலகாரத்தை எனக்கும் நீட்டினார்.

ஒன்றை எடுத்துக்கொண்டேன். எங்கள் வீட்டில் முதன்முதலாகப் படித்தவள் நான். அம்மா பள்ளிக்கூடத்தில் நிலத்தில் இருத்தப்பட்டு, சில நாளிலேயே போக மாட்டேன் என்று நின்றவள். அப்பா மழைக்குக்கூடப் பள்ளிக்கூடத்தில் ஒதுங்காதவர். அவர்களுடைய மகள் லண்டன் பல்கலைக்கழகத்தில் மேற்படிப்புப் படிக்கிறாள். அதை நான் எங்கேயும் தலை நிமிர்ந்துதான் சொல்வேன். அன்றைக்கு அந்தத் தலை ஒரு பற்றிஸைப் பார்த்துக் குனிந்து இருந்தது.

ரயிலில் திரும்பி வரும்போது ஒருவரை நினைத்துக்கொண்டு வந்தேன். அவரிடமும் இதே கேள்வியைக் கேட்டிருந்தார்கள். அப்போது நான் பக்கத்தில் இருந்தேன்.

இலங்கையில் கலவரத்துக்குப் பிறகு ஊரை விட்டு வந்த நாங்கள் ஈஸ்ட் ஹாமில் ஒரு பஞ்சாபிக் குடும்பத்தின் வீட்டில் மேல்மாடி அறைகளில் குடியிருந்தோம். கீழே அவரும் அவர் மனைவியும். பிள்ளைகள் இல்லை. நான் அவர்களை அங்கிள், ஆன்ட்டி என்று கூப்பிட்டேன். அவர் என்னைப் ‘புத்தர்’ என்று கூப்பிடுவார். பஞ்சாபியில் அது பிள்ளையைச் செல்லமாகக் கூப்பிடும் சொல். அம்மாவுக்கு அது விளங்கப் பல மாதம் எடுத்தது. “கண்ட கண்ட இடத்திலை புத்தரை வைக்கிற நாட்டிலை இருந்து தப்பி வந்தா, இங்கையும் படிக்குக் கீழை நிண்டு புத்தர், புத்தர் எண்டு கூப்பிடுறாரே இந்தாள்!” என்று சிரிப்பாள்.

கிழமை நாட்களில் அவர் கார் உதிரிப்பாகத் தொழிற்சாலைக்கு ஷிப்டுக்குப் போகிறவர். கம்பளித் தொப்பி, சாப்பாட்டுப் பெட்டி, குனிந்த நடை. பக்கத்து வீட்டு நாய் குரைத்தால் தெருவின் மறுபக்கத்துக்குப் போவார். குடிக்க மாட்டார். சாப்பிட்ட கோப்பைகளை அவர்தான் கழுவுவார். கழுவும்போது மெல்லப் பாடுவார். அந்தக் குரல் எங்கள் தரைப்பலகை வழியாக மேலே ஏறி வரும்.

சனிக்கிழமைகளில் அவர் வேறு ஆள். கலியாண மண்டபங்களில் பாடும் பாங்கரா ஆட்டப்பாட்டுக் குழு ஒன்றில் அவர்தான் பாட்டுக்காரர். மற்றவர்கள் எல்லாம் இங்கே பிறந்து வளர்ந்த பொடியன்கள். கீபோர்ட் வாசிப்பவன்தான் குழுவுக்குத் தலைவன், காதில் கடுக்கன், கையில் எப்போதும் கார்ச் சாவி. மேடைக்குத் தலைப்பாகை வேண்டும். அந்த நீளமான மஞ்சள் துணியை மடிப்பதற்கு இரண்டு பேர் தேவை. ஆன்ட்டி கஞ்சி போட்டு வைத்திருப்பாள். அவள் தலைப்பாகை கட்டுகிற வேலையில் நிற்க, துணியின் மறு நுனியைப் பிடித்துக்கொண்டு நடைபாதைக் கோடியில் நிற்பது என் வேலை. “இழு புத்தர், இழு. நல்லா இழு.” நான் கதவோடு சாய்ந்து முழுப் பலத்தோடும் இழுப்பேன். கட்டி முடித்து விசிறி மாதிரி நுனியை மேலே நிறுத்தியதும், கண்ணாடியில் பார்த்து மீசையை முறுக்குவார். முறுக்கு நிற்காது. ஆன்ட்டி ஒரு துளி எண்ணெய் தடவி விடுவாள். அதற்குப் பிறகு அவர் வாசற்படி இறங்குகிற நடையில் நாய்க்குப் பயந்த மனிதர் இருக்க மாட்டார்.

துணி பிடித்த உரிமையில் என்னையும் குழுவின் வான் வண்டியில் கூட்டிக்கொண்டு போவார்கள். சமையலறையில் ஆன்ட்டியிடம் கேட்டுக் கேட்டே நான் பஞ்சாபி பழகியிருந்தேன். அதனால் பாட்டுகள் எனக்கு விளங்கும். ஏறக்குறைய எல்லாப் பாட்டிலும் ஒரே ஆண்தான் வருவான். அவனுக்கு நிலம் இருக்கும். கிணறு இருக்கும். மாட்டுச் சோடி இருக்கும், புதிய பாட்டென்றால் டிராக்டர் இருக்கும். கையில் தடி, முகத்தில் மீசை. பொலிசுக்குப் பயமில்லை. அழ மாட்டான். அவன் ஜாட். பஞ்சாபில் நிலம் வைத்திருக்கும் உழவர் சாதி அது. பாட்டில் வரிக்கு வரி அந்தச் சொல் வரும். வரும்போதெல்லாம் மண்டபம் கையைத் தூக்கும்.

கையைத் தூக்கியவர்களை நான் பார்த்துக்கொண்டிருப்பேன். பஸ் ஓட்டுகிறவர்கள், இரும்பு உருக்குகிறவர்கள், விமான நிலையத்தில் கூட்டுகிறவர்கள். கிழமை முழுவதும் ஃபோர்மன் பெயர் தெரியாமல் ‘ஏய்’ என்று கூப்பிடுகிற ஆட்கள். ஒரு பாட்டு முடியும்வரை ஒவ்வொருவரும் ஒரு வயலுக்குச் சொந்தக்காரர். பால் போத்தலில் விளைகிறது என்று நினைத்து வளர்ந்த அவர்களுடைய பிள்ளைகள் அவர்களைவிடப் பெரிதாகக் கத்துவார்கள்.

அவருடைய பேர்போன பாட்டு வரப்புப் பாட்டு. ‘என் வரப்பில் மிதித்த கால் வீடு திரும்பாது’ என்று தொடங்கும். இந்த வகைப் பாட்டுகளுக்கு ஒரு வழக்கம் உண்டு. கடைசி அடியில் பாடுகிறவர் தன் பெயரையும் ஊரையும் வைத்துப் பாட வேண்டும். ‘இப்படிச் சொல்கிறான் இன்ன ஊர் இன்னான்’ என்று முடியும். அதுதான் பாட்டுக்குக் கையெழுத்து. அவர் மட்டும் அந்த அடியைப் பாட மாட்டார். அந்த இடம் வந்ததும் கையை உயர்த்தி “ஹோய்!” என்பார், டோல் மேளம் அடிக்கிறவன் அடித்துப் பொழிவான், பாட்டு முடிந்துவிடும்.

“அங்கிள், ஏன் நீங்கள் பேர் சொல்லுறேல்லை?” என்று ஒரு நாள் கேட்டேன். நாங்கள் பேசியது உடைந்த ஆங்கிலமும் பஞ்சாபியும். ஆனால் அவர் சொன்னதெல்லாம் இப்போது எனக்கு யாழ்ப்பாணத் தமிழில்தான் ஞாபகம் வருகிறது.

“அந்த இடத்திலை டோல் நல்லா இருக்கும், புத்தர்.”

கசெட் போடலாம் என்று கீபோர்ட்காரன் யோசனை கொண்டுவந்தபோது எனக்குப் பதினைந்து வயது இருக்கும். அட்டைப் படத்துக்கு வயல் வேண்டும், டிராக்டர் வேண்டும். ஒரு ஞாயிற்றுக்கிழமை எசெக்ஸ் பக்கம் ஒரு வெள்ளைக்காரரின் பண்ணைக்குப் போனோம். கோதுமை முற்றி வெட்டத் தயாராக நின்றது. அந்த மனிதர் நல்லவர், மேடை உடுப்பைப் பார்த்துக் கைதட்டினார், டிராக்டரைத் துடைத்துக் கொடுத்தார், “எங்கை வேண்டுமெண்டாலும் நில்லுங்கோ” என்றார். படம் எடுக்கிறவன் வயலுக்கு நடுவே கையைக் காட்டினான்.

அங்கிள் வயலின் ஓரமாகவே நடந்தார். டயர் போன தடத்தைத் தேடிக் கண்டுபிடித்து, இடுப்புத் துணியை ஒரு கையால் தூக்கிப் பிடித்துக்கொண்டு, ஒரு கதிரும் உடம்பில் படாமல் பக்கவாட்டில் நடந்தார்.

“அங்கிள், உள்ளுக்குப் போங்கோ. மிதிச்சாப் பரவாயில்லை எண்டு அந்தாளே சொல்லுறாரே!” என்றேன் நான்.

“பயிர் மற்றவன்ரை.”

“பாட்டிலை உங்கடை வயல்தானே!” என்று கீபோர்ட்காரன் சிரித்தான்.

அங்கிளும் சிரித்தார். ஆனால் கால் போகவில்லை. வரப்பில் மிதித்தால் காலை எடுப்பேன் என்று பாடுகிறவர், அந்தப் பொன்னிறப் பயிரின் விளிம்பில் செருப்பைக் கழற்றிவிட்டு நின்றார். கடைசியில் டிராக்டரின் படியில் ஏறி நின்று கைமுட்டியை உயர்த்தினார். அதுதான் அட்டைப் படம்.

வீட்டுக்கு வந்து இதை நான் சிரித்துச் சிரித்து அப்பாவிடம் சொன்னேன். அப்பா சிரிக்கவில்லை.

“வயல்காரன் தன்ரை பயிருக்குள்ளை நடக்கிறதுக்கு யோசிக்கமாட்டான், பிள்ளை. ஓரத்தாலை நடக்கிறவன் கூலிக்கு நிண்டவன். அந்தாள் எங்களைப் போலை ஒரு ஆள்.” கொஞ்சம் பொறுத்து, “இதைப் போய் அவரிட்டைக் கேட்டுப்போடாதை” என்றார்.

“ஏன்?”

“எங்களைக் கேட்டா எங்களுக்கு எப்பிடி இருக்கும்?”

எனக்கு அது தெரியும். ஹை ஸ்ட்ரீட்டில் ஒரு தமிழ்க் கடைக்காரர் முருங்கைக்காயை நிறுத்துக்கொண்டே “அண்ணை ஊரிலை எவடம்?” என்று கேட்டார். அப்பா “டவுன் பக்கம்” என்றார். “டவுனிலை எவடம்?” என்று அவர் விடாமல் கேட்டார். இடம் தெரிந்தால் சாதி தெரிந்துவிடும். அதற்குப் பிறகு வெகுநாள் அப்பா வெண்டிக்காய் வாங்கப் பாகிஸ்தானியர் கடைக்குத்தான் போனார்.

கசெட் பதிவுக்குச் சில வாரம் முன்பு ஒரு கலியாணம். பஞ்சாபிலிருந்து பேரன் கலியாணத்துக்கென்று வந்த வெண்தாடிக் கிழவர் ஒருவர் பாட்டுக்கும் பாட்டுக்கும் இடையில் மேடையடிக்கு வந்தார். நானும் ஆன்ட்டியும் மேடையோடு ஒட்டிய மேசையில் இருந்தோம்.

“என்ன குரல், தம்பி! எந்த ஊர்?”

அங்கிள் ஊரின் பெயரைச் சொன்னார்.

கிழவருக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. “என்ரை மூத்தவளைக் குடுத்த ஊரல்லோ! அங்கை எவடம்? ஆரின்ரை மகன்?”

எவடம் என்ற கேள்வி பஞ்சாபியிலும் இருக்கிறது என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது. அங்கிள் டோல்காரனைத் திரும்பிப் பார்த்தார். அவன் அடுத்த பாட்டைத் தொடங்கிவிட்டான். கிழவர் போகவில்லை. பாட்டு முடியும்வரை அங்கேயே தலையாட்டிக்கொண்டு நின்றார். முடிந்ததும் மறுபடியும் கேட்டார். அங்கிள் குனிந்து, மைக்கைக் கையால் பொத்திக்கொண்டு, தன் தகப்பனின் பெயரைச் சொன்னார்.

கிழவர் அவர் தோளைத் தட்டினார். “தெரியும், தெரியும். என்ரை மருமகன் வீட்டுக் கதிர் அறுக்கிறவன். நல்ல வேலைக்காரன். உங்கடை ஆக்களுக்குக் குரல் கடவுள் குடுத்தது.”

பாராட்டிவிட்டுத்தான் போனார். தன் மேசைக்குப் போய் மற்றவர்களிடமும் சொன்னார். கொஞ்ச நேரத்தில் அந்தப் பக்கமிருந்து ஒரு குரல் வந்தது.

“வரப்புப் பாட்டைப் பாடு! ஆரின்ரை வரப்பெண்டு பாப்பம்!”

சிரிப்பு எழுந்தது. அங்கிள் பாடினார். நன்றாகப் பாடினார், அதற்கு முன் அவ்வளவு நன்றாகப் பாடி நான் கேட்டதில்லை. ஆன்ட்டி கையில் இருந்த கடதாசித் துடைப்பானை மடித்து மடித்து, மடிக்க இடமில்லாமல் போகும்வரை மடித்தாள். பெயர் வரும் இடத்தில் டோல் அடித்தது.

திரும்பி வரும்போது வான் வண்டியில் கீபோர்ட்காரன் சொன்னான்: “அங்கிள், எனக்கு இதொண்டும் பிரச்சினை இல்லை. இது லண்டன். ஆனா கசெட் வாங்கப் போறது அந்த மேசையிலை இருந்த ஆக்கள்தானே. கடைசி அடியிலை ஒரு ஜாட் பேரைப் போடுங்கோ. ஊர் உங்கடை ஊராவே இருக்கட்டும். பேர் மட்டும்தான். சும்மா ஒரு பேர்.”

அங்கிள் யன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார். தலைப்பாகை வானின் கூரையில் இடித்ததால் தலையைச் சரித்து வைத்திருந்தார்.

“உங்கடை குரல் எல்லா வீட்டிலையும் கேக்கும், அங்கிள்” என்றான் அவன்.

அது அவருக்கு வேண்டியிருந்தது. அதை நான் குறையாகச் சொல்லவில்லை. கிழமை முழுவதும் இரும்புச் சத்தத்துக்குள் நின்ற மனிதருக்குத் தன் குரல் எங்கேயாவது கேட்க வேண்டும் என்ற ஆசை இருக்காதா?

கசெட் வந்தது. முதன்முறையாக அந்தக் கடைசி அடியை அவர் பாடியிருந்தார். ஊர் அவருடையது. பெயர் அந்த ஊரில் நிலம் வைத்திருக்கும் குடும்பத்தின் பெயர். கிரீன் ஸ்ட்ரீட்டில் கண்ணாடி இறக்கிவிட்ட கார் எல்லாவற்றிலும் அது ஓடியது. ஆன்ட்டி அதை வீட்டில் ஒரு நாளும் போடவில்லை. “மெஷின் பழுது” என்பாள். அதே மெஷினில் அவள் காலையில் பஜனை கேட்பது மேலே எங்களுக்குக் கேட்கும்.

பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை ஊரிலிருந்து தொலைபேசி வந்தது. அவருடைய அக்காவின் மகன். நான் ஆன்ட்டியோடு சமையலறையில் மாவு பிசைந்துகொண்டிருந்தேன். அங்கிள் நடைபாதையில், நான் துணி பிடித்து நிற்கும் அதே இடத்தில், நின்று கேட்டார். அந்தப் பக்கத்துச் சிரிப்பு எங்களுக்கும் கேட்டது. அவர் வந்து கதிரையில் இருந்து, அந்தப் பொடியன் சொன்னதை ஆன்ட்டிக்குச் சொன்னார்.

யாரோ லண்டனிலிருந்து கசெட்டை ஊருக்குக் கொண்டு போயிருக்கிறார்கள். நிலக்காரர் வீட்டு முற்றத்தில் பெரிய ஸ்பீக்கரில் போட்டிருக்கிறார்கள். அங்கிளின் தகப்பன் அந்த முற்றத்தில் கோதுமைச் சாக்குகளின் வாயைத் தைத்துக்கொண்டிருந்திருக்கிறார். பாட்டு முடியும்வரை கையை நிறுத்திவிட்டுக் கேட்டிருக்கிறார். பிறகு, “நல்ல குரல். ஆரின்ரை பொடியன்?” என்று கேட்டிருக்கிறார். பாட்டில் வந்த பெயரை யாரோ சொல்லியிருக்கிறார்கள். “அப்பிடியோ” என்று சொல்லிவிட்டு அடுத்த சாக்கை எடுத்திருக்கிறார்.

“தாத்தாவுக்குக் காது மந்தமாப் போச்சு, மாமா! உங்கடை குரலையே தெரியேல்லை!” என்று பொடியன் சிரித்தானாம்.

அங்கிள் மேசையில் சிந்திக் கிடந்த மாவைக் கையால் கூட்டினார். கூட்டி ஒரு குவியலாக்கினார்.

“என்ரை அப்பாவுக்குக் காது நல்லாக் கேக்கும்” என்றார்.

அதற்குப் பிறகு அவர் பாடவில்லை. தொண்டை சரியில்லை என்றார். கீபோர்ட்காரன் தேனும் இஞ்சியும் கொண்டுவந்து பார்த்தான், டொக்டரிடம் கூட்டிப்போகிறேன் என்றான், பிறகு வேறு ஒருவனைப் பிடித்துக்கொண்டான். கோப்பை கழுவும்போது தண்ணீர்ச் சத்தம் மட்டும் மேலே வந்தது. “அந்தாளுக்கு என்ன, சுகமில்லையோ?” என்று அம்மா கேட்டுக்கொண்டே இருந்தாள். சனிக்கிழமைகளில் என்னை யாரும் கீழே கூப்பிடவில்லை. தெருவில் காரில் அந்தப் பாட்டு வந்தால் எழுந்து போய் யன்னலைச் சாத்துவார். அடுத்த கோதுமை வெட்டுக்கு முன்பே தகப்பன் இறந்துபோனார் என்று செய்தி வந்தது. அன்றைக்கும் அவர் ஷிப்டுக்குப் போனார்.

நான் பல்கலைக்கழகத்துக்குப் போன வருடம் அவர்கள் வீட்டை விற்றுவிட்டு வடக்கே ஆன்ட்டியின் அண்ணன் இருக்கும் ஊருக்குப் போனார்கள். சாமான் ஏற்றும்போது உதவிக்கு நின்றேன். டிவியின் கண்ணாடி உடையாமல் இருக்க மஞ்சள் துணியொன்றை அதற்குச் சுற்றியிருந்தார்கள். அது எந்தத் துணி என்று எனக்குத் தெரியும். இறுக்கம் போதவில்லை என்று அங்கிள் அவிழ்த்துத் திரும்பச் சுற்றினார். ஒரு நுனியை என்னிடம் நீட்டினார். “இழு புத்தர்” என்று மட்டும் சொன்னார். இழுத்தேன்.

அதற்குப் பிறகு நான் அவரைக் காணவில்லை.

அவருடைய பெயர் எனக்குத் தெரியும். இங்கே எழுதவில்லை. ஒரு முறை அவர் வாயில் இன்னொருவர் பெயரை வைத்தார்கள். இப்போது அவரைக் கேட்காமல் அவருடைய பெயரை நான் எடுத்து வைத்தால் அதுவும் அப்படித்தான். அந்த அடியைப் பாட வேண்டியவர் அவர். ஆனால் என் அடியை நான் பாடலாம்.

அடுத்த மாதம் ஈஸ்ட் ஹாமில் தமிழ் மன்றத்தின் ஆண்டு விழா. என் படிப்பைப் பற்றிப் பேசக் கூப்பிட்டிருக்கிறார்கள். கோலியர்ஸ் வுட் வாத்தியாரும் வருவாராம், வழக்கமாக முன்வரிசைதானாம். நேற்று அப்பாவிடம் நான் செய்யப் போவதைச் சொன்னேன். அவர் தேநீரை ஆற்றி ஆற்றி, குடிக்காமல் வைத்தார். “உன்ரை விருப்பம்” என்றார். பிறகு, “நான் பின்வரிசையிலை இருப்பன்” என்றார். வரமாட்டேன் என்று சொல்லவில்லை.

இன்று காலை விழாவை நடத்துகிற அண்ணைக்கு நானே தொலைபேசி எடுத்தேன்.

“சொல்லுங்கோ தங்கச்சி. அறிமுகத்துக்குப் பேரும் யூனிவர்சிட்டியும் காணும்தானே?”

“அப்பான்ரை பேரையும் ஊரையும் சேத்துச் சொல்லுங்கோ, அண்ணை.”

“ஓம், ஓம், சொல்லலாம். ஊர் எவடம்?”

ஊரைச் சொன்னேன். அவர் எழுதுகிற சத்தம் கேட்டது. “அதிலை ஈச்சங்கலட்டி” என்றேன். கல்லும் முள்ளுமாக, ஒரு பிடி நெல்லும் விளையாத நிலம் அது. அங்கே யார் இருந்தார்கள் என்று எங்கள் ஊர்ப் பக்கத்தில் எல்லாருக்கும் தெரியும். எழுதுகிற சத்தம் நின்றது.

“அதை... மைக்கிலை சொல்லவோ, தங்கச்சி?”

“ஓம் அண்ணை. மைக்கிலைதான்.”